முட்டி டாக்டர், நெஞ்சு டாக்டர்... முழு ஆளை யார் பார்ப்பது?

எங்கள் உறவுக்காரப் பையன் ஒருவன் ஆம்பூரில் ஷூ கம்பெனியில் வேலை செய்கிறான். ஜெர்மனியிலிருந்து சரக்கு பார்க்க வருகிறவர்களோடு பேசிப் பழகி, அந்த மொழியில் நாலு வார்த்தை கற்று வைத்திருக்கிறான். போன பொங்கலுக்குக் காட்பாடிக்கு வந்தபோது, "சித்தி, ஒரு வேடிக்கையான வார்த்தை சொல்லட்டுமா? ஃபாக்-இடியோட்!" என்றான்.

"ஏண்டா, வீட்டுக்குள்ளே நுழைஞ்சதும் திட்டறே?" என்றேன்.

"திட்டுதான் சித்தி. ஆனா படிக்காதவங்களைத் திட்டறது இல்லே. ரொம்பப் படிச்சவங்களைத் திட்டறது!"

அந்த வார்த்தை என்னைப் பிடித்துக்கொண்டது. 'ஃபாக்' என்றால் ஒரு துறை, ஒரு படிப்பு. அதே சொல்லுக்கு அலமாரியில் இருக்கும் ஒரு தட்டு, பெட்டியில் இருக்கும் ஒரு அறை என்றும் அர்த்தம் உண்டாம். நம் வீட்டு அஞ்சறைப் பெட்டியை நினைத்துக்கொள்ளுங்கள். கடுகுக்கு ஒரு அறை, சீரகத்துக்கு ஒரு அறை. 'இடியோட்' நமக்குத் தெரிந்த இடியட்தான். ஆனால் பழைய கிரேக்க மொழியில் அதன் மூலச்சொல் முட்டாளைக் குறிக்கவில்லை. ஊர்ப் பொதுக் காரியங்களில் கலக்காமல் தன்பாட்டுக்கு இருப்பவனைக் குறித்தது. இரண்டையும் சேர்த்துப் பாருங்கள். தன் அறைக்குள் இருப்பதைக் கரைத்துக் குடித்தவர், பக்கத்து அறையை எட்டிப் பார்க்காதவர்!

யாரை இப்படிச் சொல்கிறார்கள்? ஒரு விஷயத்தை ஆழமாகப் படித்தவர் எல்லாரையும் அல்ல. அந்த ஆழமே கண்ணை மறைத்துவிட்டவரை மட்டும். அதை முகத்துக்கு நேரே சொன்னால் சண்டைதான் வரும். முதுகுக்குப் பின்னால் சொல்வார்கள். சிலர் தன்னையே கிண்டல் செய்துகொள்ளவும் சொல்வார்களாம். ஜப்பானியர்களிடமும் 'செம்மோன் பாகா' என்று அச்சாக இதே போல ஒரு சொல் உண்டு. 'செம்மோன்' என்றால் தனித்துறை, 'பாகா' என்றால் முட்டாள்.

தமிழில் தேடிப் பார்த்தேன். நிபுணர், வல்லுநர், விற்பன்னர், எல்லாமே பாராட்டு. மேலோட்டமாகப் படிக்கிறவரை 'நுனிப்புல் மேய்கிறார்' என்கிறோம். அனுபவமில்லாத படிப்பை 'ஏட்டுச் சுரைக்காய்' என்கிறோம். ஆழமாகப் போய் அங்கேயே தங்கிவிட்டவருக்குத் தனிச்சொல் ஒன்றும் அகப்படவில்லை. 'கிணற்றுத் தவளை'தான் கொஞ்சம் கிட்டே வருகிறது. கிணறு ஆழம்தான், அதன் ஒவ்வொரு கல்லும் தவளைக்குத் தெரியும். மேலே எவ்வளவு பெரிய வானம் என்பதுதான் தெரியாது.

சரி, இந்த வார்த்தைக்கும் நம் பத்திரிகைக்கும் என்ன சம்பந்தம் என்கிறீர்களா? எங்கள் அம்மாவுக்கு நடந்ததைக் கேளுங்கள்.

அம்மாவுக்கு எழுபத்து நாலு வயது. பிள்ளைகள் வீட்டில் மாறி மாறி இருப்பார். தம்பி வீட்டில் இருந்தபோது பெங்களூரில் இருதய நிபுணர் ஒருவரிடம் காட்டினோம். ரத்த அழுத்தத்துக்கு ஒரு மாத்திரை, காலில் நீர் இறங்க ஒரு மாத்திரை கொடுத்தார். அம்மா தெம்பாகத்தான் இருந்தார். பிறகு சென்னையில் அக்கா வீடு. அங்கே முட்டி வலி. எலும்பு நிபுணர் வலி மாத்திரை எழுதிக் கொடுத்தார். "நெஞ்சுக்கு ஏதாவது சாப்பிடறீங்களான்னு டாக்டர் கேட்டாராம்மா?" என்று பிறகு விசாரித்தேன். அம்மா சொன்ன பதில் இன்னும் காதில் இருக்கிறது.

"கேட்டாரு. இல்லேன்னுட்டேன். அவரு முட்டி டாக்டரு, அவருகிட்டே போய் நெஞ்சைப் பத்தி எதுக்குடி சொல்றது?"

பார்த்தீர்களா! பெட்டியை அறை அறையாகப் பிரித்தது டாக்டர்கள் மட்டுமில்லை. நாமும்தான்.

சித்திரை வெயிலில் அம்மா காட்பாடிக்கு வந்தார். எங்கள் ஊர் வெயிலைச் சொல்ல வேண்டியதில்லை. இடுப்பு வலிக்கிறது என்று தெருக்கோடி மருந்துக்கடையில் இன்னொரு மாத்திரை வேறு வாங்கிப் போட்டுக்கொண்டிருக்கிறார். நாலாம் நாள் முகம் உப்பியது. சிறுநீர் குறைந்தது. சாப்பாட்டைக் கண்டாலே குமட்டல்.

எங்கள் தெருவில் ஒரு வயதான டாக்டர் இருக்கிறார். நிபுணர் இல்லை, ஜுரம், இருமல், பிரசவத்துக்குப் பின் பலவீனம் என்று எல்லாம் பார்ப்பவர். அவர் ஸ்டெதாஸ்கோப்பை எடுக்கும் முன், "வீட்டிலே இருக்கிற மாத்திரை அத்தனையும் ஒரு பையிலே போட்டு எடுத்துட்டு வாம்மா" என்றார். கொண்டுபோய் மேஜை மேல் கொட்டினேன். பதினோரு வகை! கண்ணாடியை உயர்த்திக்கொண்டு ஒவ்வொரு அட்டையாகப் பார்த்தார்.

"இதைப் பாரு. இந்த ரெண்டு அட்டைக்கும் பேரு வேறே. உள்ளே இருக்கிற மருந்து ஒண்ணுதான். வலி மாத்திரையை உங்கம்மா ரெட்டையா முழுங்கியிருக்காங்க."

பிறகு பொறுமையாக விளக்கினார். நீர் மாத்திரை உடம்பில் நீரைக் குறைக்கும். ரத்த அழுத்த மாத்திரைகளில் சில வகை, சிறுநீரகத்திலிருந்து ரத்தம் வெளியே போகும் குழாயைத் தளர்த்தும். வலி மாத்திரை, ரத்தம் உள்ளே வரும் குழாயைச் சுருக்கும். தனித்தனியாக அவை நல்ல மருந்துகள். மூன்றும் சேர்ந்தால், அதுவும் வயதானவர் வெயிலில் தண்ணீர் குடிக்காமல் இருந்தால், சிறுநீரகத்துக்குள் போகும் ரத்தத்தின் வேகம் படுத்துவிடும். ரத்தப் பரிசோதனையில் கிரியேட்டினின் ஏறியிருந்தது. அன்றைக்கே ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். இன்னும் ஒரு வாரம் போயிருந்தால் என்ன ஆகியிருக்குமோ! கடவுள் புண்ணியத்தில் அம்மா தேறிவிட்டார்.

யாரைக் குற்றம் சொல்வது? இருதய டாக்டர் செய்தது சரி. எலும்பு டாக்டரும் தன் அளவில் சரி. ஒரே குழம்பில் ஆளுக்கு ஒரு கை உப்பு போட்ட கதைதான். ஒவ்வொருவரும் அளவாகத்தான் போட்டார்கள். குழம்பை ருசி பார்க்கத்தான் ஆள் இல்லை.

இதைப் படித்துவிட்டு நிபுணர்களே வேண்டாம் என்று நினைத்துவிடாதீர்கள். சிறப்புப் படிப்பு லேசானதில்லை. எம்.பி.பி.எஸ். பயிற்சியோடு ஐந்தரை வருஷம், எம்.டி. அல்லது எம்.எஸ். மூன்று வருஷம், அதற்கு மேல் உயர் சிறப்புப் படிப்பு மூன்று வருஷம். ஆக, பதினோரு வருஷத்துக்கு மேல்! அந்த ஆழம் எத்தனை உயிரைக் காத்திருக்கிறது என்பது வேலூர்க்காரர்களான எங்களுக்குத் தெரியும். 1900-இல் டாக்டர் ஐடா ஸ்கடர் அம்மையார் ஒற்றைப் படுக்கையோடு தொடங்கிய இடத்தில்தான், 1949-இல் டாக்டர் ஜேக்கப் சாண்டி மூளை அறுவைச் சிகிச்சைக்குத் தனிப் பிரிவு தொடங்கினார். 1971-இல் அங்கேயே சிறுநீரக மாற்று சிகிச்சையும் நடந்தது.

ஆழமும் வேண்டும், அகலமும் வேண்டும் என்பதற்கு எங்கள் ஊரிலேயே ஒரு நல்ல உதாரணம் உண்டு. டாக்டர் பால் பிராண்ட், 1914-இல் கொல்லிமலையில் பிறந்த ஆங்கிலேயர். மருத்துவம் படிக்கும் முன் கொத்தனார் வேலையும் தச்சு வேலையும் கற்றவர்! 1946-இல் வேலூருக்கு வந்தார். தொழுநோயால் மடங்கிப்போன கைவிரல்களை நிமிர்த்துவதற்காக, நன்றாக வேலை செய்யும் தசையின் நாணை எடுத்து, செயலிழந்த விரலுக்கு மாற்றிப் பொருத்தும் அறுவைச் சிகிச்சையைச் செய்தார். இதைவிடக் குறுகலான துறை உண்டா? ஒரே நோய், அதில் கை, அதிலும் விரல்.

விரல் நிமிர்ந்ததும் தன் வேலை முடிந்தது என்று அவர் இருந்துவிடவில்லை. குணமானவர் எங்கே போகிறார், எப்படிச் சம்பாதிக்கிறார் என்று பார்த்தார். விரல் சரியான பிறகு பிச்சையும் கிடைக்கவில்லை, பயந்துகொண்டு யாரும் வேலையும் கொடுக்கவில்லை! அவர்களுக்கென்று ஒரு குடியிருப்பு அமைத்துத் தச்சு வேலை சொல்லிக் கொடுத்தார். தொழுநோயில் உணர்ச்சி போய்விடுவதால், சூடும் கீறலும் தெரியாமல்தான் விரல்கள் சிதைகின்றன என்பதைக் கூடவே இருந்து கவனித்தார். இரவில் எலி கடிப்பதுகூடத் தெரியவில்லை என்று கண்டதும் பூனை வளர்க்கச் சொன்னார்! காலில் புண் வராமலிருக்க, மெத்தென்ற நுண்துளை ரப்பரில் செருப்பு செய்யும் வேலையிலும் இறங்கினார். காட்பாடிக்குப் பக்கத்தில் கரிகிரியில் 1955-இல் ஏற்பட்ட தொழுநோய் மருத்துவமனையிலும் இந்த வழி தொடர்ந்தது. தோல் பதனிடும் ஊர்ப்பக்கத்தில் ஒரு பெரிய சர்ஜன் செருப்பைப் பற்றி யோசித்தார் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் பெருமையாக இருக்கிறது.

எல்லா டாக்டரும் அப்படி நேரம் ஒதுக்க முடியுமா? முடியாது. அதனால் வீட்டில் சமையலை ருசி பார்க்கிற நாம்தான் மருந்தையும் பார்த்துக்கொள்ள வேண்டும். அம்மாவுக்குப் பிறகு எங்கள் வீட்டில் சில வழக்கங்கள் ஏற்பட்டுவிட்டன.

வீட்டில் ஒவ்வொருவருக்கும் ஒரே நோட்டு. எந்த ஊரில், எந்த டாக்டரிடம் போனாலும் அது கூடவே போகும். எந்த மாத்திரை, எந்தத் தேதியில், எதற்காகக் கொடுத்தது என்று அதில் எழுதுகிறோம்.

டாக்டரிடம் போகும்போது எல்லா மருந்தும் ஒரு பையில் போகும். கஷாயம், லேகியம், கண் சொட்டு மருந்து, கடையில் தானாக வாங்கியது எதையும் விடுவதில்லை. அட்டையில் கம்பெனி வைத்த பெயர் ஒன்று இருக்கும். உள்ளே இருக்கும் மருந்தின் பெயரும் தனியாக இருக்கும். அதைத்தான் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும்.

புது மாத்திரை எழுதினால், "இது எதற்கு, எத்தனை நாளைக்கு, பழசில் எதையாவது நிறுத்தணுமா, இதோடு சேரலாமா?" என்று கேட்கிறோம். கேட்பதில் வெட்கம் வேண்டாம். ஆனால் நாமாக எந்த மாத்திரையையும் நிறுத்தக் கூடாது. சட்டென்று நிறுத்துவதும் ஆபத்துதான்.

எல்லாவற்றுக்கும் மேலாக, எல்லா நோட்டையும் பார்க்க ஒரு குடும்ப டாக்டர் வேண்டும். குடும்ப மருத்துவம் இன்று தனி மேல்படிப்பாகவே வந்துவிட்டது.

போன மாதம் அம்மாவைக் கண் டாக்டரிடம் அழைத்துப் போனேன். உட்கார்ந்ததுமே பையை மேஜை மேல் வைத்தார். "கண்ணுக்குத்தானே வந்தீங்க பாட்டி, இதெல்லாம் எதுக்கு?" என்று அந்தச் சின்ன டாக்டர் சிரித்தார்.

"கண்ணு மட்டும் தனியா வரலியேப்பா, நானும் கூட வந்திருக்கேனே!" என்றார் அம்மா.

டாக்டர் சிரிப்பை நிறுத்திவிட்டு, பையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.