உயரம் எழுதாத பெட்டி

போன வாரம் எபிசோட் ஏன் வரலைன்னு நிறைய பேர் கேட்டிருந்தீங்க. அந்த சனிக்கிழமை நான் கும்மிடிப்பூண்டியில ஒரு லாரி பக்கத்துல முகத்தை எங்க வச்சுக்கிறதுன்னு தெரியாம நின்னுட்டிருந்தேன். காரணம், ஒன்பதாம் வகுப்புக் கணக்கு.

என் சித்தப்பா அங்க சின்னதா ஒரு பவுடர் கோட்டிங் யூனிட் வச்சிருக்கார். சிப்காட் பெரிய ஃபேக்டரி மாதிரி நினைக்காதீங்க. ஒரு ஷெட், ஒரு ஓவன், நாலு ஆளு, அவ்வளவுதான். பவுடர் கோட்டிங்ல பெயிண்ட் பொடியா வரும். அதுக்கு மின்னேற்றம் கொடுத்துத் தெளிச்சா, எர்த் பண்ணின இரும்புல போய் ஒட்டிக்கும். அப்புறம் ஓவன்ல தொங்கவிட்டு ஏறக்குறைய 180, 200 டிகிரியில வச்சா உருகிக் கெட்டியான படலமா ஆயிடும். கூலி சதுர அடிக்கு இவ்வளவுன்னு பேசுவாங்க. அதனால ஆர்டர்ல பரப்பளவு கண்டிப்பா இருக்கும்.

திருவள்ளூர் பக்கத்துலேர்ந்து ஒரு பார்ட்டி, எலெக்ட்ரிக்கல் பேனல் பெட்டி நாலு இருக்குன்னு மெயில் போட்டிருந்தாங்க. நீளம் 4 அடி, அகலம் 2 அடி, ஒரு பெட்டியோட வெளிப்பரப்பு 80 சதுர அடி. உயரம்ங்கிற கட்டம் மட்டும் காலி. சித்தப்பாவுக்குத் தேவைப்பட்டதே அந்த ஒரு எண்தான். ஓவன் உள்பக்கம் 6 அடி உயரம், 5 அடி ஆழம். மேல கொக்கி மாட்ட அரை அடியாவது விடணும். ஃபோன் பண்ணினா அந்தப் பக்கம் யாரும் எடுக்கல. "நீதான் இன்ஜினியராச்சே, போட்டுச் சொல்லுடா"ன்னார்.

பள்ளிக்கூடத்துல கனச்செவ்வகத்தோட மொத்தப் புறப்பரப்புக்கு ஒரு சூத்திரம் மனப்பாடம் பண்ணியிருப்போம். அதை மறந்துடுங்க. ஒரு அட்டைப்பெட்டியை மனசுல கொண்டு வாங்க. மேல ஒரு மூடி, கீழ ஒரு அடிப்பலகை. மிச்சம் இருக்கிற நாலு பக்கமும் சேர்ந்து, பெட்டியைச் சுத்தி ஒட்டின ஒரே பட்டை. அந்தப் பட்டையைப் பிரிச்சுத் தரையில விரிச்சா ஒரு நீளமான செவ்வகம். அதோட நீளம் பெட்டியோட சுற்றளவு, அகலம் நாம தேடுற உயரம்.

அப்போ வேலை ரெண்டே படிதான். மொத்தப் பரப்புலேர்ந்து மூடியையும் அடியையும் கழிங்க. மிச்சத்தைச் சுற்றளவால வகுங்க. இங்க மூடி 4 × 2 = 8, அடியும் 8. 80லேர்ந்து 16 போனா 64. சுற்றளவு 2 × (4 + 2) = 12. 64 ÷ 12, அதாவது 5 அடி 4 அங்குலம். கொக்கிக்கு இன்னும் 8 அங்குலம் மிச்சம். "தாராளமா போகும் சித்தப்பா, வரச் சொல்லுங்க"ன்னேன். ரொம்ப கெத்தா சொன்னேன், அதுதான் இப்போ வலிக்குது.

லாரி வந்துச்சு. சித்தப்பா டேப் வச்சார். சரியா 6 அடி.

நான் வகுத்தது தப்பில்ல, எண்ணினது தப்பு. தரையில நிக்கிற பேனல் பெட்டிகள் பலதுல கேபிள் அடிப்பக்கமா உள்ள வரும், அதனால அந்தப் பக்கத்தைத் திறந்தே விட்டு, தனித் தகடு ஒண்ணை அப்புறமா மாட்டுவாங்க. அவங்க கொடுத்த 80, அடி இல்லாத அஞ்சு முகத்தோட பரப்பு. ஒரே ஒரு 8 கழிச்சா 72. 72 ÷ 12 = 6. எண் அவங்க மெயில்லயே இருந்திருக்கு, நான்தான் இல்லாத அடிப்பலகைக்கும் சேர்த்துக் கழிச்சிருக்கேன்.

இதுல எனக்குப் புடிச்ச விஷயம் ஒண்ணு இருக்கு, அன்னைக்கு ரசிக்க முடியல. சுற்றளவு 12 அடின்னா, பரப்புல ஒரு சதுர அடி பிசகினா உயரத்துல அடியில பன்னிரண்டுல ஒரு பங்கு, அதாவது ஒரு அங்குலம் பிசகும். நான் விட்டது 8 சதுர அடி, அதனால சரியா 8 அங்குலம் காலி. பெட்டி ஒல்லியா இருந்தா சுற்றளவு சின்னது, அதே பிசகு இன்னும் பெருசாத் தெரியும். பரப்பளவை யாராவது தோராயமா ரவுண்ட் பண்ணிக் கொடுத்தாலும் இதே கதைதான்.

படுக்க வச்சுப் பாக்கலாமேன்னு கேப்பீங்க. ஆழம் 5 அடிதானே. லாரி அப்படியே திரும்பிப் போச்சு. ரெண்டு பக்க வாடகையும் சித்தப்பா தலையில. நான் ஜிபே பண்ணினேன், அவர் திருப்பி அனுப்பிட்டார். திட்டவும் இல்ல. "டேப்பு நாப்பது ரூவாடா"ன்னு மட்டும் சொன்னார்.

திரும்பி வர்றப்போ ரோட்ல காட்டுப்பள்ளி துறைமுகத்துக்குப் போற கன்டெய்னர் ட்ரெய்லரா பார்த்துட்டே வந்தேன். 40 அடிக் கன்டெய்னர், அகலம் 8 அடி, சுற்றளவு 96. சாதாரண வகையை நெளிவு இல்லாத நேர்ப் பெட்டியா நினைச்சா, ஆறு முகமும் சேர்த்து 1456 சதுர அடி. மூடி, அடி சேர்ந்து 640 போக 816. 96ஆல வகுத்தா 8.5 அடி, சரியா வருது. பெயிண்ட் வாங்க மட்டும் இந்தக் கணக்கை எடுத்துட்டுப் போகாதீங்க, சுவர் நெளிநெளியா இருக்கிறதால உண்மையான பரப்பு அதிகம்.

இன்னொரு வகை கன்டெய்னர்ல மேல் ஓரத்துல மஞ்சள் கறுப்புக் கோடு அடிச்சிருக்கும். அதே நீளம், அதே அகலம், பரப்பு 1552. எவ்வளவு உயரம்னு போட்டு அனுப்புங்க. ஆறு முகமும் மூடியிருக்கு, நான் எண்ணிட்டேன்.