துறையிலே கேட்க வேண்டிய கேள்விகள்

சிதம்பரத்திலிருந்து கிள்ளை வழியாகக் கிழக்கே ஏறக்குறைய 15 கிலோமீட்டர் சென்றால், வெள்ளாறும் கொள்ளிடமும் தத்தம் யாத்திரையை முடித்துக் கடலோடு கலக்கும் முகத்துவாரங்களுக்கு இடையே, நிலம் என்று நம்பிக் கால் வைக்கவும் முடியாமல், நீர் என்று துணிந்து நீந்தவும் முடியாமல், வாய்க்கால்களும் திட்டுகளுமாகப் பின்னிக் கிடக்கிற பிச்சாவரத்து அலையாத்திக் காட்டை அடையலாம். நடராஜப் பெருமானின் க்ஷேத்திரத்துக்குத் தில்லை என்ற திருநாமத்தைக் கொடுத்த தில்லை மரத்தை இன்று ஊருக்குள் தேடுவதைவிட இந்தக் காட்டில் தேடுவதே சுலபம். 1975-இல் வெளிவந்த ‘இதயக்கனி’யின் படப்பிடிப்பு நடந்ததும் இங்கேதான், 2022-இல் ராம்சார் ஈரநிலம் என்ற சர்வதேச அந்தஸ்தும் இதற்குக் கிடைத்தது. விடுமுறை நாட்களில் நாலு பேர், ஆறு பேர் என்று சிறு சிறு குழுக்களாகக் குடும்பங்கள் வந்து, சுற்றுலா வளர்ச்சிக் கழகத்தின் படகு குழாமில் சீட்டு வாங்கிக்கொண்டு, துடுப்புப் படகிலோ விசைப்படகிலோ ஏறி, மரநிழலில் சற்று நேரம் மிதந்துவிட்டு வீடு திரும்புகிறார்கள். பெரும்பாலோர் சுகமாகவே திரும்புகிறார்கள் என்பதையும் முதலிலேயே சொல்லிவிட வேண்டும். யாரையும் பயமுறுத்துவது என் நோக்கமன்று. ஆனால், சுகமாகத் திரும்புவது வழக்கமாகிப்போன இடத்தில்தான் ஜாக்கிரதை முதலில் கண்ணயர்கிறது.

இந்த உப்பங்கழியின் அபாயம் அதன் சாந்தமான தோற்றத்திலேயே இருக்கிறது. வாயில் பறியைக் கவ்விக்கொண்டு, இடுப்பளவு நீரில் நின்று, சேற்றைக் கையால் துழாவி இறால் பிடிக்கும் இருளர்களைப் படகில் போகிறவர் பார்க்கிறார். ‘இவ்வளவுதானே ஆழம்’ என்று தமக்குள் சொல்லிக்கொண்டு, கழுத்தை உறுத்துகிற லைஃப் ஜாக்கெட்டைக் கழற்றி மடியில் வைத்துக்கொள்கிறார். அந்த இருளர் எந்த இடத்தில் கால் ஊன்றலாம், எந்த இடத்தில் ஊன்றலாகாது என்பதைப் பரம்பரையாக அறிந்தவர் என்பதும், கடலின் ஏற்றவற்றத்துக்குத் தக்கபடி இதே வாய்க்காலின் ஆழம் வேளைக்கு வேளை மாறுகிறது என்பதும், இடுப்பளவு நீருக்கு அடியிலே இன்னும் ஒரு இடுப்பளவு சேறு இருக்கக்கூடும் என்பதும் அவருக்குத் தோன்றுவதில்லை. புதைந்த காலை இழுக்க முயன்றால் மற்றொரு கால் ஆழ்கிறது. சுரபுன்னையின் தாங்கு வேர்களில் ஒட்டிக்கொண்டிருக்கும் சிப்பிகளோ, பிடித்துக்கொள்ள நீட்டிய கையைக் கத்தி போலக் கிழிக்கின்றன. தலைக்கு மேலே தாழ்ந்து வரும் கிளையை விளையாட்டாக ஒடிக்கிறவர்களுக்கும் ஒரு வார்த்தை: அது தில்லையாக இருந்தால், அதிலிருந்து வடியும் பால் கண்ணில் பட்டுப் பார்வையைச் சில காலம் மறைத்துவிடும்.

சில ஆண்டுகளுக்கு முன், பெயர் சொல்ல விரும்பாத ஒரு படகுத்துறையில், என் தங்கை குடும்பத்தோடு நானும் நின்றிருந்தேன். படகுக்கு ஆறு பேர் என்பது கணக்கு. நாங்கள் ஏழு பேர். “பையன் சின்னவன்தானே, மடியில வச்சுக்கறோம்” என்று என் மைத்துனர் குழைந்தார். துடுப்புக்காரர் வயதானவர், எங்களை ஏறிட்டுக்கூடப் பார்க்காமல், “மடியில உக்காந்தாலும் தலை ஒண்ணுதானுங்க சார். ஒருத்தரை இறங்கச் சொல்லுங்க” என்றார். நாங்கள் அவரிடம் கோபித்துக்கொண்டோம். பத்து ரூபாய், இருபது ரூபாய் என்று ஆசை காட்டினோம். கடைசியில் நான் கரையில் நிற்பதென்று முடிவாயிற்று. ஆனால் என் மனத்தை இன்றும் உறுத்துவது அதுவன்று. அந்தச் சிறுவனுக்குக் கொடுத்த லைஃப் ஜாக்கெட்டில் மூன்று பூட்டுகளில் இரண்டு உடைந்திருந்தன. கொடுத்த ஆள், “கயிறு போட்டுக் கட்டிக்கலாம்” என்று ஒரு நைலான் துண்டையும் சேர்த்து நீட்டினான். எழுதப் படிக்கத் தெரிந்த, சட்டம் கொஞ்சம் அறிந்த நான் அதை வாங்கி, முடிச்சுப் போட்டு, பையனைப் படகில் ஏற்றிவிட்டேன். வேறு கொடு என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. பின்னால் வரிசையில் நிற்பவர்கள் முணுமுணுப்பார்களே என்ற லஜ்ஜைதான் காரணம்.

அப்படிப்பட்ட லஜ்ஜைக்கு நம் நாடு கொடுத்திருக்கும் விலை கொஞ்சநஞ்சமன்று. 2011-ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் நாளில் பழவேற்காட்டில் உல்லாசமாகப் படகேறியவர்களில் 22 பேர் மாண்டார்கள். 2014-ஆம் ஆண்டு குடியரசு தினத்தன்று போர்ட் பிளேர் அருகே மூழ்கிய சுற்றுலாப் படகில் உயிரிழந்த 21 பேரில் பெரும்பாலோர் காஞ்சிபுரம் பக்கத்திலிருந்து கூட்டாகச் சென்ற நம்மவர்கள். கொள்ளும் அளவுக்கு மேல் ஆட்களை ஏற்றிய படகு அது. 2009 செப்டம்பர் 30-இல் தேக்கடியில் 45 பேரைப் பலிகொண்ட விபத்தில், விலங்குகளைக் காணும் ஆவலில் பயணிகள் ஒரு பக்கமாகத் திரண்டதும் காரணங்களுள் ஒன்றாகப் பேசப்பட்டது. 2023 மே 7-இல் கேரளத்துத் தானூரில் 22 பேர் உயிரிழக்க மூழ்கியதோ, மீன்பிடிப் படகை மாற்றியமைத்து, பொழுது சாய்ந்த பிறகும் அளவுக்கு மீறிய கூட்டத்தை ஏற்றிக்கொண்டு சென்ற படகு. இவற்றில் எதுவும் நடுக்கடலில் புயலில் சிக்கிய கப்பலன்று. கரை கண்ணுக்குத் தெரிகிற தூரத்தில், விடுமுறைச் சிரிப்புக்கு நடுவே நேர்ந்த மரணங்கள்.

ஆகவே நான் வற்புறுத்திச் சொல்ல விரும்புவது ஒன்றே. படகுப் பிரயாணியின் உரிமைகளெல்லாம் துறையில் நிற்கும் வரைதான் பிரயோஜனமானவை. கால் படகில் பட்ட பிறகு அவன் செய்யக்கூடியது துடுப்புக்காரரின் சொல்லுக்குக் கட்டுப்படுவது மாத்திரமே. நீரில் நின்று நியாயம் பேச முடியாது. கேட்க வேண்டியதைக் கரையிலே கேட்டுவிட வேண்டும்.

எதைக் கேட்பது? இந்தப் படகில் எத்தனை பேர் ஏறலாம் என்பதை முதலில் கேளுங்கள். கைக்குழந்தையும் ஒரு தலையே என்பதை அந்தப் பெரியவரிடம் நான் கற்றுக்கொண்டேன். லைஃப் ஜாக்கெட்டை வாங்கியவுடன் எல்லாப் பூட்டுகளையும் மாட்டி, தோள்பட்டைகளைப் பிடித்து மேலே தூக்கிப் பாருங்கள். அது காதுவரை ஏறிவந்தால் உங்களுக்குப் பெரியது, நீரில் விழுந்தால் உங்களைக் கீழே விட்டுவிட்டு அது மட்டும் மிதக்கும். குழந்தைக்குக் குழந்தை அளவுதான் வேண்டும். பெரியவர் உடையை இறுக்கிக் கட்டுவது அதற்கு ஈடாகாது. விசைப்படகானால், உள்நாட்டு நீர்வழிகளுக்கென்று 2021-இல் இயற்றப்பட்ட கப்பல்கள் சட்டத்தின்படி அதற்குப் பதிவும் தகுதி ஆய்வுச் சான்றும் காப்பீடும் தேவை என்பதை அறிந்து, பதிவு எண் எங்கே எழுதியிருக்கிறது என்று பாருங்கள். மீன்பிடிக்கப் பதிவான படகு, அதை ஓட்டுகிறவர் எத்தனை சமர்த்தரானாலும், கூலிக்கு ஆள் ஏற்றுவதற்குரிய படகன்று. கடலூர்க் கரையிலே ‘ஒரு சுற்று போய்வரலாம் வாங்க’ என்று யார் அழைத்தாலும் இதை நினைவில் வைப்பது நலம். சீட்டு கேட்பதும் உரிமையே. பெற்ற பணத்துக்கு ரசீது தர மறுப்பதை 2019-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் முறையற்ற வணிகச் செயல் என்றே வகுத்திருக்கிறது. ‘இன்னும் உள்ளே போய்க் காட்டுகிறேன்’ என்று நடுவழியில் கேட்கப்படும் தனிப்பணம், எந்த ஊர்த் துறையானாலும், சீட்டிலே ஏறாத பணம். அந்தப் பயணத்துக்குப் பின்னாளில் சாட்சியமும் இராது.

வானிலையைப் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை. 2011 டிசம்பர் 30-இல் தானே புயல் புரட்டிப்போட்ட மாவட்டத்துக்காரர்களுக்குக் காற்றைப் பற்றிப் பாடம் நடத்துவது அதிகப்பிரசங்கம். கடலூர்த் துறைமுகத்தில் எச்சரிக்கைக் கூண்டு ஏறியிருக்கும் நாளில் கழியும் கடல்தான் என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன். வெளியூர் உறவினர்கள் டிக்கெட் போட்டு வந்துவிட்டார்களே என்பதற்காகக் காற்று காத்திருக்காது.

இனி, பரிகாரம். விபத்து நேர்ந்துவிட்டால் அவசர உதவிக்கு 112, ஆம்புலன்சுக்கு 108, கடலோரக் காவலுக்கு 1093, கடலில் தேடி மீட்கும் கடலோரக் காவல்படைக்கு 1554, மாவட்டப் பேரிடர் கட்டுப்பாட்டு அறைக்கு 1077. காயம் சிறியதென்று அலட்சியமாக ஊர் திரும்பாமல், அண்ணாமலை நகரில் இருக்கும் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை போன்ற இடத்தில் காட்டி, விபத்துப் பதிவேட்டில் நடந்ததை உள்ளபடி எழுதச் சொல்ல வேண்டும். வழுக்கி விழுந்தார் என்று எழுதியிருந்தால், அந்த ஒரு வரியே பின்னாளில் உங்களுக்கு எதிர்ச்சாட்சியாக நிற்கும். எந்தக் காவல் நிலையத்திலும் புகார் கொடுக்கலாம். எங்கள் எல்லை இல்லை என்று திருப்பியனுப்ப இப்போதைய சட்டம் இடங்கொடுக்கவில்லை. பழுதான படகிலோ அளவுக்கு மீறிய பாரத்தோடோ கூலிக்கு ஆட்களை ஏற்றிச் செல்வது, விபத்து நேராவிட்டாலும்கூட, பாரதிய நியாய சன்ஹிதாவின் 284-ஆம் பிரிவின்படி குற்றம்; ஆறு மாதம் வரை சிறையோ, 5,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கலாம். அலட்சியத்தால் உயிர் போயிருந்தால் 106-ஆம் பிரிவு ஐந்தாண்டு வரை சிறை விதிக்கிறது.

தண்டனை வேறு, நஷ்டஈடு வேறு. நஷ்டஈட்டுக்கு மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தை அணுக வேண்டும். உடைந்த பூட்டுள்ள ஜாக்கெட்டைக் கொடுப்பதும், தெரிந்தே அபாயத்தை மறைப்பதும் சேவைக் குறைபாடு. சீட்டு கொடுத்தது அரசு சார்ந்த நிறுவனமாயிற்றே என்று பலர் தயங்குகிறார்கள். கட்டணம் பெற்றுச் சேவை செய்கிற அரசு அமைப்புகளும் நுகர்வோர் சட்டத்துக்கு உட்பட்டவையே என்று உச்ச நீதிமன்றம் லக்னோ வளர்ச்சி ஆணைய வழக்கில் 1993-லேயே தீர்த்துச் சொல்லிவிட்டது. விபத்து பிச்சாவரத்தில் நடந்தாலும், நீங்கள் சேலத்தில் வசிப்பவரானால் சேலத்து ஆணையத்திலேயே மனுச் செய்யலாம். வக்கீல் இல்லாமல் தாமே வாதாடலாம். செலுத்திய கட்டணம் ஐந்து லட்சத்துக்கு உட்பட்டதானால் மனுவுக்குக் கட்டணமே இல்லை, படகுச் சீட்டு எந்நாளும் அதற்குள் அடங்கியதுதான். காலவரையறை இரண்டு ஆண்டு. வழக்குக்கு முன் ஆலோசனை வேண்டுமானால் 1915. பெண்களுக்கும், பட்டியலினத்தவருக்கும், பெருவிபத்துகளில் பாதிக்கப்பட்டோருக்கும் வருமானம் பாராமல் இலவசச் சட்ட உதவி கிடைக்க வழி செய்யும் எண் 15100. ‘பயணிகள் தங்கள் சொந்தப் பொறுப்பில் ஏறவும்’ என்று பலகை மாட்டியிருப்பதைக் கண்டு மனம் தளர வேண்டியதில்லை; பலகையில் எழுதிய ஒரு வரி, உடைந்த பூட்டை ஒட்டவைத்துவிடாது.

அதே நேரத்தில், பிரயாணியின் பிழையும் ஆணையத்தின் முன் எடைபோடப்படும் என்பதை மறைப்பது நேர்மையன்று. கொடுத்த ஜாக்கெட்டைக் கழற்றியவரும், எச்சரித்தும் எழுந்து நின்று செல்ஃபி எடுத்தவரும் வெறுங்கையோடு திரும்ப நேரலாம். மது அருந்தியவரைப் பற்றிச் சொல்லவே வேண்டியதில்லை.

மறுமுறை பிச்சாவரத்துக்கோ வேறு எந்தத் துறைக்கோ போகிறபோது, படகின் பக்கத்தில் எழுதியிருக்கும் எண்ணையும், எல்லோரும் லைஃப் ஜாக்கெட்டோடு அமர்ந்திருப்பதையும் கைப்பேசியில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். துடுப்புக்காரர் ஒருவரை இறங்கச் சொன்னால், முகம் சுளிக்காமல் இறங்கிவிடுங்கள். சீட்டை மட்டும் வீடு வந்து சேரும்வரை எறிந்துவிடாதீர்கள்.