வில்லங்கத்தில் வராத வழக்கு

கும்பகோணம் பக்கத்தில் என் அப்பா பத்திர எழுத்தர். கிரயம் எழுத வருகிறவரிடம் விலையைக் கேட்பதற்கு முன், "பங்காளிங்க எத்தனை பேர்? கோர்ட்டுல ஏதும் கிடக்கா?" என்றுதான் கேட்பார். பதிலில் இழுவை தெரிந்தால் பேனாவை மூடிவிடுவார். அவர் கேட்காவிட்டாலும் சேதி வந்து சேர்ந்துவிடும். அண்ணன் தம்பிக்குள் பாக வழக்கு என்றால் கர்ணம் வீட்டுத் திண்ணையிலிருந்து டீக்கடை வரை அதே பேச்சு. இரண்டு மா நிலம் விலைக்கு வந்தால் வாங்குகிறவர் அநேகமாக அடுத்த வரப்புக்காரர். வழக்கு இருப்பது தெரிந்தே, அதைச் சொல்லியே விலையைக் குறைத்து, வாங்குவார்.

அந்த ஊர்க் கணக்கில் அக்கா தங்கைகள் மட்டும் இல்லை. பூர்வீகச் சொத்தில் பிறப்பால் வரும் உரிமை ஆண்பிள்ளைகளுக்கே இருந்தது. தமிழ்நாட்டில் 1989 மார்ச் 25 அன்று மணமாகாமல் இருந்த மகள்களுக்கு முதலில் அந்தக் கதவு திறந்தது. நாடு முழுக்க எல்லா இந்துக் குடும்பத்து மகள்களுக்கும் 2005 செப்டம்பர் 9 முதல் திறந்தது. அந்த நாளில் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டிய அவசியமில்லை என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. 2004 டிசம்பர் 20-க்கு முன்பே முறையாக முடிந்த பாகப்பிரிவினையும் விற்பனையும்தான் கலையாது. நான் வக்கீலான பிறகு என்னிடம் வருகிற பாக வழக்குகளில் வாதி பெரும்பாலும் ஒரு அக்காவோ தங்கையோதான். எனக்கு அதில் நிறைந்த மகிழ்ச்சி.

மாறாதது 1882-ஆம் ஆண்டு சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-ஆவது பிரிவு. வழக்கு நடக்கும்போது கோர்ட் அனுமதி இல்லாமல் விற்றால், அந்தக் கிரயம் அதனாலேயே செல்லாமல் போய்விடாது. ஆனால் தீர்ப்பு என்னவோ அது வாங்கியவரையும் கட்டும். வழக்கு தாக்கலான நாளிலிருந்தே கட்டும். சம்மன் போய்ச் சேர்ந்திருக்க வேண்டியதுகூட இல்லை. "எனக்குத் தெரியாதே" என்ற பேச்சு அங்கே எடுபடாது.

அடுத்த வரப்புக்காரர் வாங்கிய காலத்தில் அது பொருந்தி வந்தது. இன்று வாங்குகிறவர் திருப்பூரிலோ சிங்கப்பூரிலோ இருக்கிறார். செல்போனில் சர்வே எண்ணைப் போட்டு வில்லங்கம் பார்க்கிறார். முப்பது வருஷத்துக்கு ஒரு கறை இல்லை. ஆனால் சிவில் வழக்கு அதில் தானாக ஏறுவதில்லை. அது இருப்பது ஈ-கோர்ட்ஸ் தளத்தில். அங்கே சர்வே எண்ணைக் கொண்டு தேட முடியாது. ஆள் பெயர் வேண்டும், எந்த ஊர் கோர்ட் என்று தெரிய வேண்டும், இனிஷியல் முன்னால் இருக்கிறதா பின்னால் இருக்கிறதா என்பதுகூட வேண்டும். ஒரு அலுவலகத்துக்கு நிலம் தெரியும், இன்னொன்றுக்கு ஆள் தெரியும். இரண்டையும் சேர்த்து அறிந்திருந்த திண்ணைதான் இன்று இல்லை. வழக்கு பற்றிய அறிவிப்பைப் பதிவு செய்தால்தான் வாங்கியவரைக் கட்டும் என்று மகாராஷ்டிரத்தில் திருத்தம் இருக்கிறது. அதுபோல ஒன்று நாடெங்கும் வரவேண்டும் என்று 2010-இலேயே உச்ச நீதிமன்றம் பரிந்துரைத்தது. இங்கே இன்னும் வரவில்லை என்பதை என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

என் கட்சிக்காரர் ஒரு அக்கா. தடை மனுவுக்கு நோட்டீஸ் சார்வாகும் முன்பே தம்பி ரோட்டோரத்து நிலத்தை விற்றுவிட்டார். வாங்கியவர் சிங்கப்பூரில் பதினொரு வருஷம் வெல்டர் வேலை பார்த்தவர். இப்போது வழக்கில் ஐந்தாம் பிரதிவாதி. போன வாய்தாவில் கோர்ட் வராந்தாவில் அந்த அக்காவுக்குப் பக்கத்திலேயே வந்து உட்கார்ந்தார். கிரயப் பத்திரத்தைப் பிளாஸ்டிக் உறைக்குள் போட்டு மடியில் வைத்திருந்தார்.

"அக்கா, உங்க பங்கை உள்பக்கமா எடுத்துக்கிட்டா என் மனை தப்பிச்சிடும்னு வக்கீல் சொல்றார்" என்றார். அது உண்மைதான். விற்ற பகுதியைத் தம்பியின் பங்கிலேயே ஒதுக்கும்படி அவர் இறுதித் தீர்ப்பாணையின்போது கேட்கலாம். மற்ற பங்குகளுக்குக் குறை வராது என்றால் கோர்ட் ஒத்துக்கொள்ளவும் கூடும்.

அக்கா வெகுநேரம் பேசவில்லை. "உள்பக்கத்துக்கு வழி எதுப்பா?" என்று மட்டும் கேட்டார்.

அவர் உறையைப் பிரித்து, பத்திரத்தோடு இருந்த வரைபடத்தில் விரலை ஓட்டி வழியைத் தேடத் தொடங்கினார்.