சூப்பர்மேன்

சூப்பர்மேன் என்பது அமெரிக்க வரைகதை இதழ்களில் தோன்றும் ஒரு கற்பனைக் கதாபாத்திரம் ஆகும். கிரிப்டான் என்னும் வேற்றுக் கோளில் பிறந்து பூமியில் வளர்ந்த இவர், மனித ஆற்றலுக்கு அப்பாற்பட்ட உடல் வலிமை கொண்டவராகச் சித்தரிக்கப்படுகிறார். எழுத்தாளர் ஜெர்ரி சீகலும் ஓவியர் ஜோ சூஸ்டரும் இக்கதாபாத்திரத்தை உருவாக்கினர். 1938 ஜூன் எனத் தேதியிடப்பட்ட 'ஆக்‌ஷன் காமிக்ஸ்' முதல் இதழில் சூப்பர்மேன் முதன்முதலாகத் தோன்றினார். அவ்விதழ் அதே ஆண்டு ஏப்ரலில் விற்பனைக்கு வந்தது. சூப்பர் ஹீரோ எனப்படும் மீநாயகர் கதைகள் தனி வகையாக வளர்ந்தது இதன் வெற்றிக்குப் பின்னரே ஆகும். படைப்பாளிகள் தம் படைப்பின் மீதான உரிமையை இழந்ததற்கும் இக்கதாபாத்திரத்தின் வரலாறு முக்கிய எடுத்துக்காட்டாகக் காட்டப்படுகிறது.

உருவாக்கம்

சீகல், சூஸ்டர் இருவரும் 1914ஆம் ஆண்டு பிறந்தவர்கள். புலம்பெயர்ந்த யூதக் குடும்பங்களைச் சேர்ந்தவர்கள். சீகல் அமெரிக்காவின் கிளீவ்லாந்து நகரிலும், சூஸ்டர் கனடாவின் டொராண்டோ நகரிலும் பிறந்தனர். சூஸ்டரின் குடும்பம் பின்னர் கிளீவ்லாந்தில் குடியேறியது. அங்குள்ள கிளென்வில் உயர்நிலைப் பள்ளியில் இருவரும் நண்பர்களாயினர்.

1933ஆம் ஆண்டு தாங்களே நடத்திய சிற்றிதழ் ஒன்றில் சூப்பர்மேன் என்ற பெயரை இவர்கள் முதலில் பயன்படுத்தினர். ஆனால் அக்கதையில் வருபவன் பிறர் மனத்தை அறிந்து ஆட்டிவைக்கும் வழுக்கைத் தலை வில்லன் ஆவான். பின்னர் அப்பெயரை நன்மை செய்யும் நாயகனுக்குச் சூட்டினர். புதிய கதையைப் படத்தொடராக வெளியிடுமாறு நாளிதழ் நிறுவனங்களைப் பலமுறை அணுகியும் பயனில்லை.

இறுதியில் 1938 மார்ச்சில் டிடெக்டிவ் காமிக்ஸ் நிறுவனம் 13 பக்கக் கதையை வாங்கியது. பக்கத்துக்கு 10 டாலர் வீதம் 130 டாலர் வழங்கப்பட்டது. அதற்கு ஈடாகக் கதையோடு கதாபாத்திரத்தின் முழு உரிமையையும் இருவரும் எழுதிக் கொடுத்தனர்.

கதைப் பின்னணி

அழியவிருக்கும் கிரிப்டான் கோளின் அறிவியலாளர் ஜோர்-எல், தம் கைக்குழந்தை கால்-எல்லை ஒரு விண்கலத்தில் ஏற்றிப் பூமிக்கு அனுப்புகிறார். அக்குழந்தையைக் கண்டெடுக்கும் கென்ட் தம்பதியினர் கிளார்க் கென்ட் எனப் பெயரிட்டு ஸ்மால்வில் என்னும் சிற்றூரில் வளர்க்கின்றனர். வளர்ந்த கிளார்க், மெட்ரோபோலிஸ் என்ற கற்பனை நகரில் 'டெய்லி பிளானட்' நாளிதழின் செய்தியாளராகப் பணிபுரிகிறார். கூச்ச சுபாவமும் மூக்குக் கண்ணாடியும் இவருடைய உண்மை அடையாளத்தை மறைக்கின்றன. சக செய்தியாளர் லோயிஸ் லேன் முதல் இதழிலேயே இடம்பெற்றவர். முதன்மை எதிரியான லெக்ஸ் லூதர் 1940இல் அறிமுகமானார்.

தொடக்கக் கதைகள் பெரும் பொருளாதார மந்தக் காலத்தில் எழுதப்பட்டவை. அவற்றில் சூப்பர்மேன் விண்வெளி எதிரிகளுடன் மோதவில்லை. மனைவியை அடிக்கும் கணவன், ஊழல் அரசியல்வாதி, தொழிலாளரின் பாதுகாப்பைப் புறக்கணிக்கும் சுரங்க முதலாளி ஆகியோரையே எதிர்த்தார்.

ஆற்றல்கள்

சூப்பர்மேனின் ஆற்றல்கள் தொடக்கம் முதல் ஒரே அளவில் இருந்தவை அல்ல. 1938இல் இவரால் பறக்க முடியாது. எட்டில் ஒரு மைல் தொலைவுக்குத் தாவ மட்டுமே முடியும். வெடிக்கும் பீரங்கிக் குண்டு மட்டுமே இவரது தோலைத் துளைக்கும். கிரிப்டான் மக்களின் உடல் வளர்ச்சி மனிதரைவிடப் பல மில்லியன் ஆண்டுகள் முன்னேறியது என்பதே அன்று கூறப்பட்ட காரணம். எறும்பு தன் எடையைவிடப் பன்மடங்கு சுமப்பதும், வெட்டுக்கிளி தன் நீளத்தைவிடப் பன்மடங்கு தாவுவதும் இதற்கு உவமையாகக் காட்டப்பட்டன.

1940இல் தொடங்கிய வானொலித் தொடரும், 1941இல் வெளியான ஃபிளைஷர் நிறுவனத்தின் அசைவூட்டப் படங்களும் பறக்கும் சூப்பர்மேனைப் பரவலாக்கின. 1960ஆம் ஆண்டுக் கதைகளில் புதிய விளக்கம் அளிக்கப்பட்டது. கிரிப்டானின் கதிரவன் செந்நிறமானது. பூமியின் மஞ்சள் கதிரவன் ஒளியே இவருக்கு ஆற்றல் தருகிறது என்பதே அது. அக்காலக் கதைகளில் கோள்களையே நகர்த்தும் அளவுக்கு வலிமை பெருகியது. எதுவும் செய்யக்கூடிய நாயகனுக்கு ஆபத்தை உருவாக்குவது கதாசிரியர்களுக்குக் கடினமாயிற்று. 1986இல் ஜான் பைர்ன் கதையை முதலிலிருந்து மீண்டும் எழுதியபோது ஆற்றல்களைக் குறைத்தார்.

இவரை வலுவிழக்கச் செய்யும் கிரிப்டோனைட் என்ற பொருள், அழிந்த கிரிப்டானின் எச்சம் ஆகும். இது 1943இல் வானொலித் தொடரில் அறிமுகமாகி, 1949இல் வரைகதைக்கு வந்தது.

பிற ஊடகங்கள்

1946இல் ஒலிபரப்பான வானொலிக் கதை ஒன்று கு கிளக்ஸ் கிளான் போன்ற இனவெறி அமைப்பைச் சூப்பர்மேனின் எதிரியாகக் காட்டியது. 1952 முதல் 1958 வரை தொலைக்காட்சித் தொடரில் ஜார்ஜ் ரீவ்ஸ் நடித்தார். ரிச்சர்ட் டானர் இயக்கிய 1978ஆம் ஆண்டுத் திரைப்படத்தில் கிறிஸ்டோபர் ரீவ் சூப்பர்மேனாக நடித்தார். பின்னர் ஹென்றி கேவில் (2013), டேவிட் கோரன்ஸ்வெட் (2025) ஆகியோரும் இவ்வேடத்தை ஏற்றனர். 1992இல் வெளியான, சூப்பர்மேன் இறக்கும் கதை உலகச் செய்தியானது. அடுத்த ஆண்டே இவர் மீண்டும் உயிர்பெற்றார்.

உரிமைப் போராட்டம்

விற்பனைக்குப் பின்னரும் சீகலும் சூஸ்டரும் அதே நிறுவனத்துக்காகக் கதைகளை உருவாக்கிவந்தனர். இரண்டாம் உலகப் போரின்போது சீகல் படையில் பணியாற்றிய வேளையில், அவர் முன்பே முன்மொழிந்திருந்த 'சூப்பர்பாய்' அவருடைய ஒப்புதல் இன்றி வெளியிடப்பட்டது. 1947இல் இருவரும் வழக்குத் தொடுத்தனர். 1948இல் ஏறத்தாழ 94,000 டாலர் பெற்றுக்கொண்டு, சூப்பர்மேன் உரிமை நிறுவனத்துக்கே உரியது என ஏற்றனர். அதன்பின் இதழ்களிலிருந்து அவர்களின் பெயர்கள் நீக்கப்பட்டன, வேலையும் பறிபோனது.

1970களில் சூஸ்டரின் பார்வை மங்கியிருந்தது. சீகல் எழுத்தர் வேலையில் சொற்பச் சம்பளம் பெற்றுவந்தார். அதே காலத்தில் பெரும் பொருட்செலவில் சூப்பர்மேன் திரைப்படம் அறிவிக்கப்பட்டது. சீகல் தம் நிலையைச் செய்தி ஊடகங்களுக்குத் தெரிவித்தார். ஓவியர்கள் நீல் ஆடம்ஸ், ஜெர்ரி ராபின்சன் உள்ளிட்டோர் துணை நின்றனர். 1975 டிசம்பரில் நிறுவனம் இருவருக்கும் தலா ஆண்டுக்கு 20,000 டாலர் ஓய்வூதியம் வழங்க இசைந்தது. 'உருவாக்கியவர்கள்' என அவர்களின் பெயர்களை மீண்டும் அச்சிடவும் ஒப்புக்கொண்டது. சட்டப்படி இழந்த உரிமை திரும்பவில்லை; பொதுமக்களின் கருத்தே இந்த அளவு நீதியைப் பெற்றுத்தந்தது.

சூஸ்டர் 1992இலும் சீகல் 1996இலும் காலமாயினர். வாரிசுகள் தொடர்ந்த வழக்குகளில் 2013இல் நிறுவனத்துக்குச் சாதகமாகத் தீர்ப்பு வந்தது.

130 டாலர் உரிமையைத் தீர்த்த காசோலை 2012இல் 1,60,000 டாலருக்கு ஏலம் போனது. அன்று 10 சென்டுக்கு விற்ற முதல் இதழின் ஒரு படி 2024இல் 60 லட்சம் டாலருக்கு விற்றது. அமெரிக்கச் சட்டப்படி, 1938ஆம் ஆண்டுக் கதைகளின் காப்புரிமை 95 ஆண்டுகள் நீடிக்கும். அதன்படி 2034ஆம் ஆண்டு தொடக்கத்தில் முதல் சூப்பர்மேன் கதை பொதுவுடைமை ஆகும். தாவத் தெரிந்த, பறக்கத் தெரியாத அந்தச் சூப்பர்மேனை அதன்பின் எவரும் தம் கதையில் பயன்படுத்தலாம்.