"எந்தத் தெரு?" என்று கேட்டார்கள், அண்ணன் புத்தகத்தோடு வந்தார்

விடுமுறைக்கு ஊருக்கு வந்த அண்ணன் பக்கத்து ஊர் நூலகத்தில் புத்தகம் எடுத்துக்கொண்டு கண்மாய்க் கரை வழியாக நடந்து வருகிறார். பண்ணையாரின் ஆள் ஒருவர் கூடவே வந்து பெயரைக் கேட்கிறார். அண்ணன் சொல்கிறார். அடுத்த கேள்வி, "எந்தத் தெரு?" தெருப் பெயர் தெரிந்தால் சாதி தெரிந்துவிடும் அல்லவா!

பாமாவின் 'கருக்கு' நூலில் வரும் காட்சி இது. தெருப் பெரியவர் ஒருவர் வடைப் பொட்டலத்தைக் கையால் தொடாமல், கட்டிய நூலைப் பிடித்துத் தூக்கிக்கொண்டு நாயக்கரிடம் போவதைப் பார்த்துச் சிறுமி பாமா விழுந்து விழுந்து சிரிப்பதும் அதே பகுதியில்தான் வருகிறது. ஏன் அப்படித் தூக்கிப் போனார் என்பதை அண்ணன் விளக்கிய பிறகு அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. நன்றாகப் படி, படித்தால் இந்த இழிவைத் தூக்கி எறியலாம் என்று அண்ணன் சொல்கிறார். என்.சி.இ.ஆர்.டி.யின் 12ஆம் வகுப்பு ஆங்கிலப் பாடநூலில் இந்தப் பகுதி பாடமாக இடம்பெற்றது. தமிழில் எழுதப்பட்டதைத் தமிழ்ப் பிள்ளைகளில் பலர் ஆங்கிலத்தில்தான் முதலில் படித்தார்கள் என்பது வேடிக்கைதான்.

விருதுநகர் மாவட்டம் புதுப்பட்டியில் பிறந்தவர் பாமா. 'கருக்கு' 1992இல் வந்தது. பனைமட்டையின் இருபுறமும் ரம்பம் போல் இருக்குமே, அதுதான் கருக்கு. கன்னியர் மடத்தில் சேர்ந்து, அங்கும் சாதி இருப்பதைக் கண்டு வெளியேறிய ஒரு பெண்ணின் தன்வரலாறு இது. தெருவில் பேசுகிற பேச்சிலேயே முழு நூலும் இருக்கிறது. பத்தாம் வகுப்புப் பிள்ளையும் தடையில்லாமல் படித்துவிடலாம். இதுவரை எதையும் படித்ததில்லை என்பவர்கள் இதிலிருந்து தொடங்குவது நல்லது.

பாமாவின் உடன்பிறந்த அண்ணன் ராஜ் கௌதமன். 1950இல் பிறந்து, 2024 நவம்பரில் மறைந்தார். புதுச்சேரியில் அரசுக் கல்லூரிப் பேராசிரியராக இருந்தவர். 2002இல் வந்த அவருடைய 'சிலுவைராஜ் சரித்திரம்' பெயருக்கு நாவல், உள்ளே பெரும்பாலும் சொந்த வாழ்க்கை. அதே ஊர், அதே தேவாலயம், அதே வறுமை. ஆனால் தங்கையின் எழுத்தில் கோபமும் கண்ணீருமாக வருவது அண்ணனின் எழுத்தில் கேலியாக வருகிறது. சிலுவைராஜ் தன்னையே நையாண்டி செய்துகொள்கிறான். விடுதிச் சாப்பாடு, சாமியார்களின் பிரம்பு, படிப்பு முடிந்தும் வேலை கிடைக்காத ஆண்டுகள் என எல்லாமே சிரிக்கச் சிரிக்கச் சொல்லப்படுகின்றன. சிரித்து முடித்ததும் மனம் கனக்கும். இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால், ஒரே வீட்டில் ஆண்பிள்ளைக்குக் கிடைத்த சுதந்திரம் எவ்வளவு, பெண்பிள்ளைக்குக் கிடைத்தது எவ்வளவு என்பதும் தெரியவரும். எந்த முன்னுரையும் இதை உங்களுக்குச் சொல்லித் தராது.

கிறிஸ்தவனாக இருப்பதால் பட்டியல் சாதியினருக்கான இட ஒதுக்கீடு சிலுவைராஜுக்கு இல்லை. ஏன் இல்லை என்று கேட்டால் கதையிலிருந்து வரலாற்றுக்குப் போக வேண்டியிருக்கும். 1950ஆம் ஆண்டு குடியரசுத் தலைவர் ஆணை இந்துக்களை மட்டுமே பட்டியல் சாதியினர் என்றது. 1956இல் சீக்கியர்களும் 1990இல் பௌத்தர்களும் சேர்க்கப்பட்டார்கள். கிறிஸ்தவர்கள் இன்றும் வெளியேதான். ஒரு பையனுக்கு வேலை கிடைக்காத கதைக்குள் இப்படி ஓர் அரசாணை உட்கார்ந்திருக்கிறது.

வரலாறு என்றதும் அயோத்திதாசப் பண்டிதரைச் சொல்லாமல் இருக்க முடியாது. போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்களுக்கு அவர் ஒரு வரி விடை: 1907, 'ஒரு பைசாத் தமிழன்'. அந்த வார இதழைச் சென்னை இராயப்பேட்டையிலிருந்து 1914இல் தாம் இறக்கும்வரை அவர் நடத்தினார். அதன்பின் அவருடைய எழுத்தைக் காப்பாற்றியவர்களில் கோலார் தங்கவயல் மக்களுக்குப் பெரும் பங்கு உண்டு. அங்கே மாரிக்குப்பத்தில் இயங்கிய சித்தார்த்தா புத்தகசாலை அவருடைய நூல்களை மறுபடி அச்சிட்டது. பூமிக்கடியில் இறங்கித் தங்கம் வெட்டிய குடும்பங்கள் வாங்கிப் படித்த புத்தகங்கள் அவை. ஞான. அலாய்சியஸ் தொகுத்து, பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியின் நாட்டார் வழக்காற்றியல் ஆய்வு மையம் 1999இல் வெளியிட்ட பிறகுதான் பல்கலைக்கழகங்கள் அவரைத் திரும்பிப் பார்த்தன.

அவருடைய 'இந்திரர் தேச சரித்திர'த்தை நம்பிக்கொண்டே படிக்க வேண்டியதில்லை. சொல்லைப் பிரித்துப் பொருள் காட்டி வரலாறு சொல்வது அவர் முறை. அந்தப் பிரிப்பில் பல இடங்கள் இன்றைய ஆய்வில் நிற்காது. ஆனால் தீண்டப்படாதவர் எனப்பட்டவர்கள் முன்பு பௌத்தர்களாக இருந்தவர்கள் என்ற அவருடைய வாதத்துக்கு நெருக்கமான ஒன்றை, 1948இல் அண்ணல் அம்பேத்கர் வேறு சான்றுகளோடு தனி நூலாகவே எழுதினார். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது கல்லூரி மாணவர்களுக்கு நல்ல பயிற்சி. பெரிய நூலைப் பார்த்து மலைப்பவர்கள் இரட்டைமலை சீனிவாசனின் 'ஜீவிய சரித்திர சுருக்க'த்தை எடுக்கலாம். 1939இல் வந்த சின்னஞ்சிறு நூல். வட்டமேசை மாநாடு வரை போனவர், பள்ளி நாட்களில் தன் சாதி தெரிந்துவிடுமோ என்று மற்றப் பிள்ளைகளோடு சேராமலே இருந்ததை அதில் சொல்கிறார்.

விமர்சன நூல் என்றால் பலர் ஓடிவிடுகிறார்கள். ஆனால் விமர்சனம் இல்லாவிட்டால் ஏமாந்து போவோம். வெண்மணியை எடுத்துக்கொள்ளுங்கள். 1968 டிசம்பர் 25 இரவு, கூலி கேட்ட மக்களில் 44 பேர் எரித்துக் கொல்லப்பட்டார்கள். அதைப் பின்னணியாகக் கொண்ட இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்' 1977இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. நிலவுடைமையாளரின் கொடூரத்துக்கு அவருடைய ஆண்மைக் குறையைக் காரணமாக்கி, கூலியையும் சாதியையும் பின்னுக்குத் தள்ளிவிட்டது என்ற கண்டனம் அந்த நாவல்மீது எழுந்தது. எனக்கு அந்தக் கண்டனம் சரி என்றே படுகிறது. நீங்கள் படித்து முடிவு செய்யுங்கள். இமையத்தின் 'கோவேறு கழுதைகள்' (1994) வந்தபோது வேறு வகைச் சண்டை. சேரி மக்களுக்குத் துணி வெளுக்கும் புதிரை வண்ணார் குடும்பத்தின் கதை அது. ஒடுக்கப்பட்டவர்களே இன்னொரு கூட்டத்தை ஒடுக்குவதை எழுதலாமா என்று தலித் அறிவாளிகளிடமிருந்தே எதிர்ப்பு வந்தது. எழுதத்தான் வேண்டும்.

தமிழ் இலக்கியம் படிக்கும் மாணவர்கள் ராஜ் கௌதமனின் 'பாட்டும் தொகையும் தொல்காப்பியமும் தமிழ்ச் சமூக உருவாக்கமும்' நூலை ஒருமுறையாவது புரட்ட வேண்டும். புறநானூற்றில் 'இழிசினன்', 'புலையன்' என்று வரும் இடங்களை உரையைப் பார்த்து மனப்பாடம் செய்துவிட்டுக் கடந்து போகிறோம். கட்டில் பின்னியவரும் துடி அடித்தவரும் ஏன் அப்படி அழைக்கப்பட்டார்கள் என்று வகுப்பில் கேட்டதுண்டா? சங்கப் பாட்டைச் சமூக வரலாறாகப் படிக்கும் வழியை அந்த நூல் காட்டுகிறது. நடை கொஞ்சம் கரடுமுரடு. பொறுமை வேண்டும்.

இவை எங்கே கிடைக்கும்? எல்லாவற்றையும் விலைக்கு வாங்க நம் வீட்டுப் பிள்ளைகளால் முடியாது. மாவட்ட மைய நூலகத்தில் கேளுங்கள். ஊர்ப்புற நூலகத்தில் இல்லையென்றால், வேண்டிய நூலின் பெயர், ஆசிரியர் பெயர் இரண்டையும் எழுதி நூலகரிடம் கொடுங்கள். வீட்டு வரியோடு நூலக வரியும் சேர்த்துத்தான் வசூலிக்கிறார்கள், காலனி வீடுகளிலும்தான். நூலகம் ஊர்த்தெருவில் இருக்கிறது என்பதற்காகப் போகாமல் இருக்கும் பிள்ளைகள் இன்னும் இருக்கிறார்கள். முதல் தடவை தனியாகப் போகத் தயங்கினால் நாலு பேராகச் சேர்ந்து போங்கள். உறுப்பினர் அட்டை வாங்கும்போதே 'கருக்கு' இருக்கிறதா என்று கேட்டுவிடுங்கள்.