ராத்திரியில் போஸ்டர் ஒட்டிய வாலிபர்!
கலவரப் பகுதி பையன்களின் முகத்தை பணக்காரத் தெருவில் ஏற்றினார்

"விளம்பரம் செய்யாதீர்" என்று எழுதிய சுவரில்தான் நம்ம ஊரில் போஸ்டர் அதிகம். பிரான்சு நாட்டில் இதே வேலையைப் பண்ணியே ஒருவர் உலகப்புகழ் பெற்றுவிட்டார்.

பெயர் ஜே.ஆர். 1983-ல் பிறந்தவர். தொப்பியும் கறுப்புக் கண்ணாடியும் இல்லாமல் வெளியே தலைகாட்ட மாட்டார். சின்ன வயதில் பாரிஸ் மொட்டைமாடிகளில் பெயிண்டால் பெயர் எழுதிவிட்டு ஓடும் கோஷ்டியில் இருந்தார். பாதாள ரயிலில் யாரோ விட்டுப்போன கேமரா ஒன்று கிடைத்தது. பெயிண்ட் போச்சு, போட்டோ வந்தது.

எரியும் காருக்குப் பின்னால்

2004-ல் பாரிஸ் புறநகரில் லே போஸ்கே என்ற குடியிருப்புக்குப் போனார். பிழைப்பு தேடி வெளிநாட்டிலிருந்து வந்த ஏழைகள் வாழும் இடம். அங்குள்ள பையன்களைப் படமெடுத்து, அங்கேயே பெரிதாக ஒட்டினார். அனுமதியா? யாரிடம் கேட்டார்!

2005 அக்டோபர் 27-ந்தேதி பக்கத்து ஊரில் போலீசுக்குப் பயந்து மின்நிலையத்துக்குள் ஒளிந்த 2 சிறுவர்கள் மின்சாரம் தாக்கி இறந்தார்கள். கலவரம் வெடித்தது. 3 வாரம் நாடே பற்றி எரிந்தது. டி.வி.யில் எரியும் காரைக் காட்டினால் பின்னால் ஜே.ஆர். போஸ்டர்!

ஊரே ரவுடிகள் என்று ஏசிய அந்தப் பையன்களிடம் மறுபடி போனார். மூக்குக்கு நேரே கேமராவை நீட்டி, கோணங்கித்தனமாக முகத்தைச் சுளிக்கச் சொன்னார். பெயர், வயது, வீட்டு நம்பர் எல்லாம் போட்டு பணக்காரத் தெருக்களில் ஒட்டினார். பார்த்தவர்களுக்கு சிரிப்பதா பயப்படுவதா தெரியவில்லை. அடுத்த வருடம் பாரிஸ் நகரசபை எதிரிலேயே அந்தப் படங்கள் நின்றன.

ஒழுகாத கூரை

2008-ல் பிரேசில் நாட்டு ரியோ நகரம். ஒரு குடிசை மேட்டில் 3 வாலிபர்களை ராணுவத்தினர் பிடித்து, எதிரி கும்பலிடம் ஒப்படைத்துவிட்டார்கள். 3 பேரும் படுகொலை. ஜே.ஆர். அங்கே போய், அந்தப் பகுதிப் பெண்களின் கண்களை வீட்டுச் சுவர்களில் ஒட்டினார். மலை முழுக்கக் கண்கள்! கீழே நகரத்தில் நடமாடுபவர்கள் தப்ப முடியாது.

2009-ல் கென்யாவின் கிபேரா சேரி. அங்கே காகிதம் இல்லை, வினைல் ஷீட். 2 ஆயிரம் சதுர மீட்டர் கூரை மூடப்பட்டது. படமும் ஆச்சு, மழையும் ஒழுகவில்லை. கலை என்றால் இப்படி இருக்கணும் என்று தோன்றுகிறது.

இந்தியாவிலும் கை வைத்தார். பகிரங்கமாக ஒட்டினால் போலீஸ் பிடிக்கும். வெறும் வெள்ளைத் தாளை ஒட்டினார். அதில் உருவம் மட்டும் பசையாக இருக்கும். தெருப் புழுதி படியப் படிய முகம் தானாக வந்தது. நம்ம தூசிக்கும் ஒரு உபயோகம்!

ஜெயிலுக்குள்

2010-ல் இந்தப் பெண்களை வைத்து டாகுமெண்டரி எடுத்தார். 2017-ல் மூத்த பெண் டைரக்டர் ஆக்னஸ் வர்தாவுடன் ஊர் ஊராகப் போய் எடுத்த படம் ஆஸ்கர் போட்டி வரை போனது.

2019-ல் அமெரிக்காவில் கலிபோர்னியாவின் டெகாச்சபி ஜெயிலுக்குள் நுழைந்தார். கடும் காவல் பகுதி. அங்குள்ள கைதிகளை நிற்கவைத்துப் படமெடுத்து, அவர்கள் கையாலேயே ஜெயில் முற்றத்துத் தரையில் ஒட்டவைத்தார். வானத்திலிருந்து பார்த்தால் எல்லாரும் அண்ணாந்து பார்ப்பது போல இருக்கும். அந்தப் படம் 2023-ல் வெளிவந்தது.

தரையில் ஒட்டிய காகிதம் சில நாளில் கைதிகளின் காலடியிலேயே கிழிந்து போனது.