தாய்க்கோழி அறிந்த சூட்சுமம்

அடைகாக்கும் தாய்க்கோழி தன் முட்டைகளை அலகினால் அடிக்கடி புரட்டிவிடுவது எதற்காக என்று சிந்தித்ததுண்டா?

அசையாமல் ஒரே பக்கமாய்க் கிடக்கும் முட்டையினுள் வளரும் கரு, ஓட்டின் உட்புறச் சவ்வோடு ஒட்டிக்கொண்டு ஜீவனை இழந்துவிடக்கூடும் என்பதனால், எந்தச் சாஸ்திரமும் பயிலாத அந்தத் தாய், இரவென்றும் பகலென்றும் பாராமல் அக்கடமையை இயற்றிவருகிறது. நவீன குஞ்சு பொரிப்பகங்களின் இயந்திரங்களும், முட்டைத் தட்டுகளை மணிக்கொரு தரம் இருபுறமும் சாய்த்து, இதே காரியத்தைத்தான் செய்கின்றன. ஆயினும் அடைவைத்த 18-ஆம் நாளில், குஞ்சு வெளிவருவதற்கு ஏற்றவாறு தன் நிலையை அமைத்துக்கொள்ளும் பொருட்டு, அந்த அசைவு முற்றிலும் நிறுத்தப்படுகிறது.

குஞ்சு பொரிக்கும் தொழிலில் இறங்க விழையும் அன்பர்களே, இன்குபேட்டர் எனப்படும் பொரிப்பு இயந்திரத்தை வாங்குமுன், அது முட்டையைத் தானே புரட்டுமா என்பதை அவசியம் கேட்டறியுங்கள்.